எழுபத்துநான்கு வாங்கிய நாற்காலி

அந்த வருடம் பத்தாம் வகுப்புத் தேர்வு முடிவுகள், தேர்வுக்குப் பன்னிரண்டு நாள் முன்னதாகவே வந்துவிட்டன. பிள்ளைகள் என்ன எழுதுவார்கள் என்று பள்ளியின் புது இயந்திரம் கணித்து மார்க் போட்டிருந்தது. பால் விலை ஏறினால் ஒரு வாரம் புலம்பும் ஊர், இதற்கு ஒரு நாள்கூடப் புலம்பவில்லை. கடைத் தராசுகளைச் சோதித்து முத்திரை குத்தும் அதிகாரியம்மாவின் ஒரே மகளுக்குக் கணக்கில் முப்பத்தொன்று. ஃபெயில்.

"நான் இன்னும் பரீட்சையே எழுதலையேம்மா!" என்று அழுதவள், பிடிவாதமாகப் போய் எழுதினாள். மணி அடித்ததும் சரியான விடைகளின் மை பொலபொலவென்று உதிர்ந்து, முப்பத்தொன்றுக்கு உண்டானது மட்டும் தாளில் மிஞ்சியது. உதிர்ந்ததை வாத்தியார் கூட்டி அள்ளினார்.

"மிஷின் தப்பு பண்ணாதுங்க," என்றார் தலைமையாசிரியர்.

"எல்லாக் கடைக்காரரும் அதைத்தான் சார் சொல்றாங்க," என்றாள் அம்மா.

எந்தக் கடையிலும் அவள் முதலில் பார்ப்பது வெறுந்தட்டைத்தான். ஒன்றுமில்லாத தட்டு எடை காட்டினால் அது கள்ளத் தராசு. எனவே மகள் உட்கார்ந்து படிக்கும் மர நாற்காலியைப் பள்ளி இயந்திரத்தில் மாணவராகப் பதிவு செய்தாள். பூஜ்யம் வரவேண்டும். எழுபத்துநான்கு வந்தது. ஒருநாளும் இடத்தைவிட்டு எழுந்ததில்லை என்று நன்னடத்தைக் குறிப்பு வேறு. அந்த மார்க் தாளைக் கொண்டுபோய்த் தலைமையாசிரியரின் மேசையில் வைத்தாள். "பாஸாயிடுச்சே, சந்தோஷப்படுங்கம்மா," என்று சொல்லிச் சான்றிதழைக் கையில் கொடுத்தார்.

நாற்காலிக்கு பிளஸ் டூவிலும், பிறகு பொறியியல் கல்லூரியிலும் இடம் கிடைத்தது. மகள் அதைச் சுமந்துபோய் அதன்மேல் உட்கார்ந்து படித்தாள். உட்கார்ந்திருப்பது யாரென்று எவரும் கேட்கவில்லை. பிறகு பாலம் கட்டும் அலுவலகத்தில் நாற்காலிக்கு வேலையும் கிடைத்தது. மகள் போட்ட கணக்கில் மூன்று பாலங்கள் எழுந்தன. கல்வெட்டுகளில் நாற்காலியின் பதிவெண் இருக்கிறது. அம்மா மூன்றிலும் குதித்துப் பார்த்தாள். ஆட்டமே இல்லை. பெருமையாகத்தான் இருந்தது, ஆனால் அதை யாரிடம் போய்ச் சொல்வது?

அந்தப் பத்தாம் வகுப்புத் தேர்வுக்குப் பதினான்கு வருடம் கழித்து மகளுக்குக் குழந்தை பிறந்தது. அதற்குள் முடிவுகள் பிரசவ அறைக்கே வரத் தொடங்கியிருந்தன. குழந்தை வருவதற்கு முன்பே மார்க் சீட்டு வந்துவிட்டது: கணக்கில் இருபத்தொன்பது. மகள் அம்மாவைப் பார்த்தாள். அம்மா எழுந்து, தான் உட்கார்ந்திருந்த முக்காலியைத் திருப்பிக் கால்களை அசைத்துப் பார்த்தாள்.

"இதை நான் வீட்டுக்கு எடுத்துட்டுப் போகலாமாம்மா?" என்று நர்ஸிடம் கேட்டாள்.

"எடுத்துக்கங்க. போன வாரம் வரைக்கும் பன்னெண்டு இருந்துச்சு. இதுதான் கடைசி."