ஆமாங்க

தனப்பிரியாவிடம் எதற்கும் ஒரே பதில்தான்: ஆமாங்க. டீ வாங்கியாச்சா என்றாலும் ஆமாங்க, பதினொன்றாம் வகுப்பில் பாதியோடு நின்றது தப்புதானே என்றாலும் ஆமாங்க. இளம்பிள்ளையில் மருதாசலம் நடத்தும் சேலை டிசைன் கடையில் கூட்டிப் பெருக்கச் சேர்ந்தவள், ஒரு வருடத்தில் கம்ப்யூட்டரைப் போட்டு அணைக்கும் அளவுக்கு வந்திருந்தாள்.

நேற்று சாயங்காலம் அந்தக் கம்ப்யூட்டரே அவளிடம் கேள்வி கேட்டது.

"சாமி, அந்தப் பழைய ஜாதக புரோகிராமைத் தூக்கிரு. இப்பத்தான் போன்லயே பொருத்தம் பாத்துக்கறமே. மெசின் ஆமையாட்டம் நவுருது" என்று சொல்லிவிட்டு மருதாசலம் வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டார். அவள் நீக்க ஆரம்பித்தாள். பாதியில் திரையில் ஒரு பெட்டி முளைத்தது. இது பல புரோகிராம்களுக்குப் பொதுவான கோப்பு, இப்போது யாரும் பயன்படுத்துவதாகத் தெரியவில்லை, அழித்துவிடலாமா என்று ஆங்கிலத்தில் கேட்டது. எழுத்துக் கூட்டி வாசித்தாள். அரைகுறையாகத்தான் புரிந்தது. அதற்காகக் கேட்டவருக்குப் பதில் சொல்லாமல் இருக்க முடியுமா? 'யெஸ்' அழுத்தினாள். மூன்று தடவை கேட்டது. மூன்று தடவையும் அழுத்தினாள்.

காலையில் சூரமங்கலத்திலிருந்து பஸ்ஸில் வந்த டிசைனர் அக்சிலியா, பையை வைத்த கையோடு டிசைன் புரோகிராமைத் திறந்தாள். புரோகிராம் ஓடத் தேவையான இன்ன டி.எல்.எல். கோப்பைக் காணோம் என்று ஒரு வரி வந்தது. அவ்வளவுதான். மறுபடி அழுத்தினாள். மறுபடியும் அதே வரி.

மெக்கானிக் ஜெர்ரி வந்து, உட்காராமலே பார்த்தான். "வைரஸுங்ணா. பென் டிரைவுல வந்திருக்கும். எல்லாத்தையும் அழிச்சு ஃபார்மேட் அடிச்சாத்தான் தீரும்."

"ஜெர்ரி, மூணு வருசமா நான் போட்ட டிசைன் பூராவும் இதுலதான் இருக்கு. அதையாவது எடுத்து வச்சிட்டு அடி."

"எடுத்து வச்சா வைரஸும் கூடவே வந்துருங்க்கா."

"ஏம்மா அக்சிலியா, ஊர்ல இருக்கற கடையில எல்லாம் குத்துன பென் டிரைவை இங்க கொண்டாந்து குத்தாதன்னு எத்தன தடவ சொன்னேன்?" என்றார் மருதாசலம்.

அக்சிலியா கழுத்துச் சங்கிலியின் சிலுவையைப் பிடித்து இப்படியும் அப்படியும் இழுத்துக்கொண்டிருந்தாள்.

தனப்பிரியாவுக்கு ஒரு இடத்தில் நிற்க முடியவில்லை. கூட்டிய இடத்தையே மறுபடி கூட்டினாள். வாசல்வரை போனாள், திரும்பி வந்தாள். டீ டம்ளரைக் கழுவினாள், கழுவியதையே கழுவினாள். சொன்னால் வேலை போய்விடும். சொல்லாவிட்டால் அக்காவின் மூன்று வருடம் போய்விடும்.

"அடிச்சர்லாங்களாண்ணா?" என்று ஜெர்ரி சுட்டியில் கை வைத்தான்.

"அடி. ஏஞ்சாமி தனா, நேத்து நீதான அணைச்ச? மெசின் நல்லாத்தான இருந்துச்சு?"

ஆமாங்க என்பது நாக்கு நுனிவரை வந்துவிட்டது.

"இல்லீங்க."

மூன்று பேரும் திரும்பினார்கள். துடைப்பத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, தரையைப் பார்த்தபடியே நடந்ததைச் சொன்னாள்.

"ஜாதகத்துக்கும் சேலைக்கும் என்ன புள்ள சம்பந்தம்?" என்றார் மருதாசலம்.

"ரெண்டும் ஒரே ஷேர் ஆட்டோவுல வந்துட்டிருந்துச்சுங்ணா. ஜாதகம் எறங்கிருச்சுன்னு நான் ஆட்டோவையே வித்துப்போட்டனுங்க."

ஜெர்ரி திரையில் இருந்த வரியை இப்போதுதான் முழுதாகப் படித்தான். பின்கழுத்தைச் சொறிந்தான். "இருக்கலாங்ணா... அந்த ஜாதக சிடி இருக்குதுங்களா? மறுக்கா ஏத்துனா அந்தக் கோப்பும் வந்துரும்."

"ஃபார்மேட் டாக்டரு இப்ப ஜோசியராயிட்டாரு" என்றாள் அக்சிலியா. சிரிக்கவில்லை.

முருகன் படத்துக்குப் பின்னால் விபூதி படிந்து கிடந்த சிடியை மருதாசலம் வேட்டியில் துடைத்துக் கொடுத்தார். பாதி ஏறியதும் மறுபடி ஒரு பெட்டி. ஜெர்ரியின் விரல் போன வேகத்துக்கு அக்சிலியா அவன் கையைத் தட்டிவிட்டாள். "அவ படிக்கட்டும்."

இது அவள் அழிக்காத வேறொரு பொதுக் கோப்பு. இங்கே இருப்பது புதியது, சிடியில் இருப்பது பழையது, பழையதை அதன்மேல் எழுதிவிடலாமா என்றது. தனப்பிரியா ஒரு தடவை வாசித்தாள். உள்ளங்கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு இன்னொரு தடவை வாசித்தாள்.

"அமுக்கு சாமி, டிசைன் வாங்கத் தறிக்காரர் ரெண்டு மணிக்கு வந்துருவாரு."

அவள் 'நோ' அழுத்தினாள்.

சிடி சுற்றி நின்றது. அக்சிலியா டிசைன் புரோகிராமைத் திறந்தாள். வெள்ளைத் திரை. இன்னும் வெள்ளைத் திரை. பிறகு ஓரத்திலிருந்து கட்டம் கட்டமாக மாங்காய் பார்டர் ஏறி வந்தது. அக்சிலியா நாற்காலியில் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டாள்.

"எல்லா டிசைனும் வந்துருச்சா தனா?" என்றார் மருதாசலம்.

"இருங்ணா, ஒவ்வொண்ணாத் தொறந்து பாத்துட்டுச் சொல்றனுங்க."