நான்கு வளையங்கள் உள்ள லில்லிப் பலகை

1

இந்தக் கதை என் ஜன்னலில் பிறந்தது. எதிர்வீட்டை எட்டிப் பார்க்காவிட்டால் ஜன்னல் எதற்கு? எதிரே சில்வேனின் உணவு விடுதி. லுவார் ஆற்றங்கரையில் எங்கள் சின்ன ஊரின் பழைய கட்டடங்களில் ஒன்று. வாசலுக்கு மேலே ஒரு சதுரப் பலகை; அதில் மங்கிப்போன மூன்று பொன் லில்லிகள், அரசர்களின் பூ.

பலகையைத் தொங்கவிட மேலே இரண்டு வளையங்கள் போதும். இதற்குக் கீழேயும் இரண்டு இருக்கின்றன. ஏன் என்று கேட்டால், காற்றில் ஆடாமல் இழுத்துக் கட்டுவதற்கு என்கிறாள் சில்வேன். நான் நம்பவில்லை. அவள் சந்தைக்குப் போன நேரம் பார்த்து, அவளுடைய நாற்காலியிலேயே ஏறித் தடவிப் பார்த்தேன். நான்கும் தேய்ந்திருந்தன. பாரம் தாங்காத வளையம் தேயுமா?

அவ்வளவுதான் எனக்குத் தெரிந்தது. மீதி எல்லாம் என் வாய்க்கொழுப்பு.

2

முதல் தொடக்கம்: ‘1815. பிரான்சின் வானத்தில் கருமேகங்கள் சூழ்ந்திருந்த அந்த’

வேண்டாம். மேகத்தோடு தொடங்கினால் எனக்கே கொட்டாவி வருகிறது.

இரண்டாம் தொடக்கம்: ‘லில்லி மலரைப் போன்ற தூய கன்னி உர்சூல்’

இதையும் அடித்துவிட்டேன். எங்கள் கவிஞர்கள் பெண்ணைக் கண்டால் லில்லி என்பார்கள். எந்தப் பெண்ணையும் கேட்டு எழுதியதாகத் தெரியவில்லை. உர்சூலுக்கு அந்த உவமை ஏன் ஒட்டாது என்பதைக் கொஞ்சம் பொறுத்துச் சொல்கிறேன். தெருவுக்கே தெரிந்ததை உங்களிடம் மறைப்பானேன்?

மூன்றாம் தொடக்கம்: ‘பெரின் ஏணியில் நின்றாள்.’

இது இருக்கட்டும்.

3

பெரின் ஏணியில் நின்றாள். விடுதிக்காரி, விதவை, நல்ல சமையல்காரி, வாய் அதைவிட நல்லது. சக்கரவர்த்தியைத் தீவுக்கு நாடு கடத்திய பிறகு ராஜா திரும்பி வந்த வருஷம், ஊர் ஓவியனைக் கூப்பிட்டு மூன்று லில்லிகள் வரையச் சொன்னவள் அவள்தான். அந்த மனிதன் சாப்பாட்டுக்குப் பிறகு வரைந்ததால் பூக்களும் அவனைப் போலவே ஊதிப்போய் வந்தன.

அடுத்த வசந்தத்தில் சக்கரவர்த்தி தீவிலிருந்து தப்பி வந்துவிட்டார். ராஜா ஓடினார். லில்லி வைத்திருந்தவர்களெல்லாம் அதை ஒளிக்க இடம் தேடினார்கள். சக்கரவர்த்தியின் சின்னம் தேனீ. பெரின் பலகையைக் கழற்றி மாவு பிசையும் மேசையில் கவிழ்த்து வைத்தாள். திருப்பி எடுத்தபோது தலைகீழாக எடுத்துவிட்டாள். பார்த்தால் நடு இதழ் உடம்பு, பக்கத்து இதழ்கள் சிறகு: கொழுத்த மூன்று தேனீக்கள்! கொல்லனைக் கூப்பிட்டுக் கீழேயும் இரண்டு வளையம் அடிக்கச் சொன்னாள். வர்ணச் செலவு மிச்சம்.

(பூவின் கதையை இங்கே நுழைக்க ஆசை. தேவதை வானத்திலிருந்து கொண்டுவந்து அந்தக் காலத்து அரசனிடம் கொடுத்தது என்பார்கள். இல்லை, அவன் ஆற்றில் மஞ்சள் பூவைப் பார்த்து, அங்கே ஆழமில்லை என்று கண்டு படையோடு கடந்தான் என்பார்கள். அது லில்லியே அல்ல, ஐரிஸ் என்று சண்டைக்கு வரும் கட்சியும் உண்டு. ஒன்று மட்டும் நிச்சயம்: ராஜாவின் மேலங்கியில் தைத்த அதே பூவைத்தான் திருடர்களின் தோளில் பழுக்கக் காய்ச்சிய இரும்பால் சுட்டார்கள். போதும், ஏணியில் ஒருத்தி நிற்கிறாள்.)

4

அவள் ஏணியில் நின்ற அன்று ஜூன் மாதக் கடைசி. மகள் உர்சூலுக்குக் கல்யாணம். எங்கள் வழக்கப்படி மாப்பிள்ளை வீட்டாரும் சாமியாரும் பெண் வீட்டுக்கு வந்து, உள்ளே ஒரு கோப்பை ஒயின் குடித்த பிறகுதான் கோயிலுக்கு ஊர்வலம். இங்கேதான் சிக்கல். மாப்பிள்ளை அன்செல்மின் அப்பா ஃபுல்ஜான்ஸ், சக்கரவர்த்தியின் படையில் சார்ஜன்டாக இருந்தவர். லில்லிக்குக் கீழே குனிந்து நுழைய மாட்டேன் என்று சொல்லி அனுப்பியிருந்தார். லோரியோ சாமியார் ராஜா கட்சி. தேனீ தொங்கும் வீட்டிலிருந்து பெண் வந்தால் கோயில் கதவு திறக்காது என்றிருந்தார். சக்கரவர்த்தி போரில் தோற்றுவிட்டார் என்று செய்தி வந்திருந்தது. ராஜா இன்னும் வந்து சேரவில்லை. எந்தச் சின்னம் சரி என்று சொல்ல நாட்டிலேயே ஆள் இல்லை.

சார்ஜன்டுக்கு ஒரு மரக்கால் கொடுக்கலாமா என்று யோசித்தேன். கதைகளில் பழைய சிப்பாய் என்றால் மரக்கால் நிச்சயம். வேண்டாம், வாசலிலிருந்து முறைத்துக்கொண்டு திரும்பிப் போக அவருக்கு இரண்டு காலும் தேவைப்படலாம்.

(அடிக்குறிப்பு, இடமில்லாததால் இங்கேயே: இந்தப் பக்கத்தில் லில்லி இதழைப் பிராந்தியில் ஊறப்போட்டு வெட்டுக்காயத்துக்குக் கட்டுவார்கள். போன கோடையில் சார்ஜன்டின் கைக்குப் பெரின்தான் கட்டினாள். இதழ் கைக்குப் போனது, பிராந்தி வாய்க்குப் போனது. ராஜாவின் பூ என்று அப்போது அவருக்குத் தோன்றவில்லை.)

கல்யாணத்தைத் தள்ளிப்போடலாமே என்பீர்கள். அதற்குத்தான் உர்சூலைப் பற்றிச் சொல்ல வேண்டும். இலையுதிர்காலம் வரை காத்திருந்தால், ஞானஸ்நானத்தையும் கல்யாணத்தையும் ஒரே விருந்தில் முடிக்க வேண்டியிருக்கும். தையல்காரி இடுப்பை மூன்றாவது முறை தளர்த்தியதிலிருந்து துணி துவைக்கும் படித்துறையில் வேறு பேச்சே இல்லை.

“அம்மா, ரெண்டு பேரும் வர்றாங்க,” என்றாள் ஏணியைப் பிடித்திருந்த உர்சூல். கோயில் பக்கமிருந்து சாமியார். ஆற்றுப் பக்கமிருந்து சார்ஜன்ட், பின்னால் வெளுத்த முகத்தோடு அன்செல்ம்.

“நீ ஏணியப் புடி. கீழ குனியாத.”

5

எழுதிப் பார்த்த முடிவுகள்:

அ) இருவரும் திரும்பிப் போய்விடுகிறார்கள், உர்சூல் கண்ணீரோடு ஆற்றை நோக்கி

கூடாது. அவள் அப்படிப்பட்ட பெண்ணே இல்லை.

ஆ) பெரின் பலகையையே மாட்டவில்லை. வெறும் கொக்கி. இதை நம்பித்தான் ஒரு வாரம் எழுதினேன். ஆனால் பலகை இல்லாத விடுதியை மூடிய விடுதி என்பார்கள்; மூடிய விடுதியில் கல்யாணமா என்று படித்துறை கேட்கும்.

இ) பெரின் ஒரு சங்கிலியை மேல் வளையத்திலும், இன்னொன்றை அதே பக்கத்துக் கீழ் வளையத்திலும் மாட்டினாள். பலகை பக்கவாட்டில் தொங்கியது.

இருவரும் வாசலில் நின்று கழுத்தைச் சாய்த்துப் பார்த்தார்கள்.

“இது என்ன பெரின்?” என்றார் சாமியார்.

“சாமிக்கு என்னவா தெரியுது?”

“மீன் மாதிரி இருக்கு. ரெண்டு பக்கமும் துடுப்பு, பின்னால வால்.”

“மீன்தான் சாமி. இன்னைக்கு விருந்துல அதான்.”

மீன் கிறிஸ்துவின் பழைய அடையாளம் என்று சாமியாருக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. அவர் முகம் தெளிந்தது. சார்ஜன்டுக்குத்தான் மனசு ஒப்பவில்லை.

“இந்த வால் ஆத்து மீனுக்கு இருக்காது, சம்பந்தியம்மா. கடல் மீன்.”

“ஆத்து மீன்தான்,” என்றார் தூண்டில் பைத்தியமான சாமியார். “நான் புடிச்சிருக்கேன்.”

“நீங்க புடிச்சது எல்லாம் ஜலதோஷம் மட்டும்தான் சாமி.”

ஆற்று மீனா கடல் மீனா என்று ஒருவரை ஒருவர் தள்ளாத குறையாக வாதாடிக்கொண்டே, தலையைத் தாழ்த்தி, இருவரும் உள்ளே போனார்கள். ஒயின் ஊற்றியாயிற்று. அன்செல்முக்கு முகத்தில் ரத்தம் திரும்பியது.

6

சில்வேனிடம் இதைப் படித்துக் காட்டினேன். “மீனாவது! காத்துக்குக் கட்டுற வளையம்ங்க அது. அப்புறம், என் நாற்காலில மண்ணு யாரோடது?” என்றாள்.

ஆகவே முடிவை உங்களிடம் விடுகிறேன். ராஜா வருவாரா, சக்கரவர்த்தி மறுபடி வருவாரா, நாளை பலகை எப்படித் தொங்கும் என்பதை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள். இந்தப் பக்கத்தை நேராகப் பிடித்தால் லில்லி, தலைகீழாகப் பிடித்தால் தேனீ.

ஒரே ஒரு வேண்டுகோள். கோயிலிலிருந்து திரும்பி எல்லாரும் அதே வாசலில் மறுபடி நுழைய வேண்டும். அதுவரை பக்கவாட்டிலேயே பிடித்திருங்கள். கை வலித்தாலும் பந்தி முடியும்வரை திருப்பாதீர்கள். உர்சூல் காலையிலிருந்து ஒன்றும் சாப்பிடவில்லை. இரண்டு பேருக்குச் சாப்பிட வேண்டியவள்.