கொழுந்துப் பெரட்டில் ஒரு பேர்

கவ்வாத்துக் கத்தி தர்மிளாவின் கையில் இறங்கியபோது நான் நாலடி தள்ளித்தான் நின்றேன். ஒரு தரமல்ல, மூன்று தரம். முதல் வெட்டு தலைக்கு வந்தது. அவள் இடது கையைத் தூக்கியதால் முழங்கைக்குக் கீழே விழுந்தது. இரண்டாவதில் சுண்டுவிரலும் அதற்கடுத்த விரலும் போயின. மூன்றாவது, அவள் கீழே விழுந்த பிறகு, தோளில். வெட்டியவன் அவளுடைய கூடப்பிறந்த அண்ணன் யோகராஜா. தேயிலைச் செடியை வெட்டத் தீட்டிய கத்தி, எலும்பு வரைக்கும் போனது. காலை ஆறரை மணி, பெரட்டுக் களத்தில் வேலைக்குப் பேர் கூப்பிடுகிற நேரம். நூறு பேருக்கு மேல் நின்றோம், நூறு பேரும் பார்த்துக்கொண்டு நின்றோம். இதைச் சொல்ல எனக்கு நாக்கூசுகிறது, ஆனாலும் சொல்லத்தான் வேண்டும்.

இத்தனைக்கும் காரணமான கடிதத்தைக் கொண்டுபோய்க் கொடுத்தவள் நான்தான். பேர் சரோஜாதேவி. அதே தோட்டத்து லயத்தில் பிறந்து இன்றைக்கும் அங்கேயே குடியிருக்கிறேன். பதினொரு வருஷமாகப் பக்கத்து ஊரான ஹாலிஎலயில் டொக்டர் குமாரசிங்கத்திடம் வேலை. அவர் எழுதிய கடிதம் நாலே வரிதான்: தர்மராஜா என்று தோட்டத்தில் பதிவானவர் என் சிகிச்சையில் இருப்பவர், அவர் பெண், பெண்களோடு கொழுந்துப் பெரட்டில் தர்மிளா என்றே பேர் கூப்பிட வேண்டும். தோட்டத்தை நடத்துகிற துரையின் கையில் கொடு என்றார். நான் வழக்கப்படி, பெரட்டில் பேர் கூப்பிடுகிற கணக்கப்பிள்ளையிடம் கொடுத்தேன். வேலை சம்பந்தமான எந்தக் கடிதத்தையும் அவர் பெரட்டில் சத்தம் போட்டு வாசிப்பார். யாழ்ப்பாணத்திலிருந்து வந்த டொக்டருக்கு அது தெரியாது. எனக்குத் தெரியும். தெரிந்தேதான் கொடுத்தேன், எல்லாருக்கும் காதில் விழட்டும், ஒரேயடியாகத் தீரட்டும் என்று நினைத்தேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும். 'அவர் பெண்' என்று வாசித்தபோது ஆண்கள் பக்கம் ஒரு சிரிப்பு கிளம்பியது. யோகராஜாவைப் பார்த்துத்தான் சிரித்தார்கள். அவன் சிரிக்கவில்லை.

டொக்டரைப் பற்றிச் சொல்ல வேண்டும். பதினொரு வருஷமாக, கீழே மருந்துக் கடை, மேலே எங்கள் வைத்திய அறை. தர்மிளா மாதிரிப் பிள்ளைகள் வெலிமடையிலிருந்தும் பெரகலயிலிருந்தும் பஸ் ஏறி வருவார்கள். மற்ற டொக்டர்மார் கையுறை போட்டுக்கொண்டும் தொடமாட்டார்கள். இவர் நாடி பிடித்து, சாப்பிட்டாயா என்று கேட்டுவிட்டுத்தான் ஊசியை எடுப்பார். இவர்களுக்கு மருந்து வேண்டும், மரியாதை வேண்டும் என்று கொழும்புக்கு எழுதிக்கொண்டே இருந்தார். கூட்டங்களில் எழுந்து கேட்டு, கூடப் படித்தவர்களிடமே வசை வாங்கினார். எங்கள் கதவில் சாணி அடித்தார்கள். நான் கழுவுவேன், அவர் வாளியில் தண்ணீர் கொண்டுவந்து வைப்பார்.

வெட்டு விழுந்த அன்றைக்கு ஒரு த்ரீவீலரில் தர்மிளாவை என் மடியில் போட்டுக்கொண்டு டொக்டரிடம் வந்தேன். படியில் ஏற்ற முடியாது என்று டொக்டர் ரோட்டுக்கே ஓடிவந்தார். தன் பெல்ட்டைக் கழற்றி அவள் கையில் இறுக்கிக் கட்டி, பதுளை ஆஸ்பத்திரி வரைக்கும் அந்தக் காயத்தை அழுத்திப் பிடித்தபடியே வந்தார். அவள் பிழைத்தாள், விரல்கள் போனது போனதுதான். மூன்றாம் நாள் தோட்டத்துப் பையன்கள் நாலு பேர் எங்கள் அறைக்கு வந்தார்கள். டொக்டரை உட்கார்ந்திருந்த கதிரையோடு தள்ளி விழுத்தி, வயிற்றில் உதைத்து, கண்ணாடியை மிதித்தார்கள். ஒருத்தனின் மணிக்கட்டை நான் ரத்தம் வரும்வரை கடித்தேன். அவன் என் தலையைச் சுவரில் மோதினான். கடித்ததற்கு எனக்கு இன்றைக்கும் வருத்தமில்லை.

பத்தாம் நாள் தர்மிளா ஆஸ்பத்திரியிலிருந்து நேரே எங்களிடம் வந்தாள். கூடவே தோட்டத்துத் தொழிற்சங்கத் தலைவரும் வந்தார். பொலிஸில் அவள் மயக்கம், ஞாபகமில்லை என்று சொல்லியிருந்தாள். அவளே அப்படிச் சொன்ன பிறகு பெரட்டில் நின்ற யாரும், நான் உள்பட, சாட்சி சொல்லவில்லை. முதலில் காயத்தைப் பார்த்த டொக்டர் எழுதித் தருவதை வைத்துத்தான் வழக்கு நகரும். தலைவர் நயமாகப் பேசினார். அவள் கவ்வாத்து வெட்டும்போது கை தவறியதென்று டொக்டர் எழுதிவிட்டால் போதும், யோகராஜா தப்புவான். திங்கட்கிழமையிலிருந்து தர்மிளாவைக் கொழுந்துப் பெரட்டில் கூப்பிடச் செய்வது தன் பொறுப்பு என்றார். இல்லையென்றால் பையன்கள் சும்மா இருக்கமாட்டார்கள் என்றும் சொன்னார். கீழே காத்திருப்பதாகச் சொல்லி இறங்கிப் போனார்.

"எழுதிருங்க டொக்டர்," என்றாள் தர்மிளா. "அண்ணன் உள்ள போனா அண்ணியும் புள்ளைங்களும் நடுத்தெருவுலதான் நிக்கணும். கொழுந்து எடுக்க இந்த மூணு விரலு போதும். எனக்குப் பேரு கெடச்சாச் சரி."

டொக்டர் ஒட்டுப் போட்ட கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"சரோஜா, கவ்வாத்துக்குப் பொம்பிளையளை விடுறவையோ?"

"இல்லீங்க டொக்டர். அது ஆம்பளைங்க வேல."

"அப்ப கவ்வாத்தில காயம் எண்டு நான் எழுதினா, நீ ஆம்பிளையளோட நிண்டனி எண்டுதானே பிள்ளை அர்த்தம்? தர்மராஜா எண்டுதான் போடவேணும். பிறகு எவன் உன்னைத் தர்மிளா எண்டு கூப்பிடுவான்?"

எனக்கு அப்போதுதான் உறைத்தது. தலைவருக்கு இது முன்னமே தெரிந்திருக்கும். பாவிப்பயல், என்ன நயமாகப் பேசிவிட்டுப் போனான்! தர்மிளா கட்டுப் போட்ட கையைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். அண்ணன் பிள்ளைகள் இரண்டையும் தூக்கி வளர்த்தவள் அவள்.  

"அன்னைக்கு நான் செத்திருந்தா, என்னா பேருல எழுதியிருப்பீங்க?"

"தர்மிளா எண்டு."

அவள் அழுதாள். அழுது முடித்து, மூக்கைத் தோளில் துடைத்துக்கொண்டாள்.

"அப்ப அதையே எழுதுங்க. வெட்டுனது யாருன்னும் எழுதுங்க."

அவர் எழுத ஆரம்பித்தார். நிதானமான எழுத்து, அவசரமே இல்லை. பேர் தர்மிளா. வேலை கொழுந்து எடுத்தல். நாங்கள் இறங்கி வராததைப் பார்த்தோ என்னவோ, கீழே தலைவர் யாரையோ போனில் கூப்பிடுவது கேட்டது. கொஞ்ச நேரத்தில் இரண்டு மோட்டார் சைக்கிள் வந்து நின்றன. நான் கதவுக்குக் கொண்டி போட்டேன். மருந்து அலமாரியை இழுத்துக் குறுக்கே வைத்தேன். மூலையில், கடைக்கதவை இழுத்துச் சாத்துகிற கொக்கிக் கம்பி இருந்தது. அதை எடுத்துக்கொண்டேன்.

"உன்ர கையெழுத்தும் வேணும், பிள்ளை."

படியில் செருப்புச் சத்தம் ஏறி வந்தது. கதவில் முதல் உதை விழுந்தது, அலமாரிக்குள் போத்தல்கள் ஆடின. மேசையிலிருந்த தாள் நகர்ந்தது. தர்மிளா இடது கையின் மூன்று விரல்களால் அதை அழுத்திப் பிடித்துக்கொண்டு, வலது கையால் தன் பேரை எழுத்துக் கூட்டி எழுதத் தொடங்கினாள்.