இடைவேளை இல்லாத படம்

1.
உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை என் மூளையில் பிறக்கவில்லை. நான் புதிதாக வாங்கிய பெரிய டிவியில் பிறந்தது. இரண்டு பாகமாக வந்த ஒரு பழிவாங்கும் படத்தை ஒன்றாக ஒட்டி, எச்டி தரத்தில், நாலேகால் மணி நேரப் படமாக விட்டிருந்தார்கள். அதைக் காட்டித்தான் என் மனைவி சிவலட்சுமியின் தம்பி ரஜிதனைக் கிளிநொச்சியிலிருந்து புதுக்குடியிருப்புக்கு வரவழைத்தேன்.

2.
முதல் வரிக்கு முயன்றவை:

'பழி என்பது மனித குலத்தின் ஆதி...' (அடித்துவிட்டேன். கட்டுரைப் போட்டிக்குப் போகட்டும்.)

'அக்காவும் தம்பியும் நான்கு வருடமாகக் கதைப்பதில்லை. காரணம் ஒரு...'

இது சரி. காரணம் ஒரு வாட்ஸ்அப் அழைப்பு அட்டை. தான் கட்டிய புதுவீட்டுக் குடிபூரலுக்கு ஊரெல்லாம் நேரில் போய்ச் சொன்ன ரஜிதன், அக்காதானே என்று இவளுக்கு மட்டும் போனில் அனுப்பிவிட்டான். நேரில் வந்து சொல்லாத வீட்டுக்கு இவள் போகவில்லை. வராத அக்காவோடு அவன் கோபம்.*

* எங்கள் பக்கத்தில் கோபமான வீட்டில் பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கமாட்டார்கள். குடித்தால் கோபம் தீர்ந்தது என்று அர்த்தம். ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

3.
வாற ஞாயிறு, பெரியபிள்ளையான எங்கள் மகள் யதுர்ஷிகாவின் சாமத்தியவீடு. தாய்மாமன் தண்ணீர் வார்க்க வேண்டும். இருப்பது ஒரே மாமன்.

"நான் போய்ச் சொல்லமாட்டன். அவன் வந்தவனோ?" என்கிறாள் சிவலட்சுமி.

ஆகவே பொறி வைத்தேன். இடைவேளை விட்டால் எழும்பிப் போய்விடுவான். இந்தப் படத்தில் இடைவேளையே இல்லை, வெயிலோ கொளுத்துகிறது. எவ்வளவு நேரம் தாகத்தோடு இருப்பான்?

(இவ்வளவு ரோசக்காரன் ஒரு படத்துக்காக வருவானா? எனக்கும் சந்தேகம்தான். ஆனால் முதல் பாகத்தை அக்காவோடு பார்த்தவன், அவளில்லாமல் இரண்டாம் பாகத்தைப் பார்க்கவில்லை. அவளும் பார்க்கவில்லை.)

4.
முதல் பாகம் நாயகன் எதிரியின் கதவைத் தட்டுவதோடு முடிந்திருந்தது. யார் திறப்பார் என்று அன்றைக்கு இருவரும் விடிய விடியச் சண்டை பிடித்தார்கள். ஒட்டிய படத்தில் அந்த இடத்தில் திரை இருளவில்லை. தட்டினான், உடனே திறந்தது. ஒரு கிழவி.

ரஜிதன் கதிரையை விட்டுத் துள்ளி எழும்பினான்.

"அக்கா, நான் அப்பவே சொன்னனான் எல்லே!"

"ஓமோம், நீ பெரிய ஆள்தான்!"

பிறகு இருவருக்கும் கோபம் ஞாபகம் வந்துவிட்டது. அவள் குசினிக்குப் போனாள். தேத்தண்ணியோடு வந்தாள். அவன் முன்னால் வைத்தாள்.

'அவன் கோப்பையை எடுத்து...'

எழுத ஆசைதான். அவன் எடுக்கவில்லை. படம் முடியும்போது தேத்தண்ணியில் ஆடை கட்டியிருந்தது. "அத்தான், போட்டு வாறன்" என்று எனக்கு மட்டும் சொல்லிவிட்டுப் போனான்.

5.
இதுவரை எழுதியதைச் சிவலட்சுமியிடம் கொடுத்தேன். வாசித்தாள். இரண்டு தரம் வாசித்தாள்.

"இதையும் வாட்ஸ்அப்பில அனுப்பிப் போடாதேங்கோ," என்றாள். "மோட்டச்சைக்கிளை எடுங்கோ."

இப்போது கிளிநொச்சியில், அவன் வீட்டு வாசலில் நிற்கிறோம். குடிபூரலுக்கு வராத வீடு. அவள் கையில் வெற்றிலைத் தட்டம். கதவைத் தட்டிவிட்டாள்.

என் பாகம் இவ்வளவுதான். யார் திறக்கிறார், முதலில் என்ன சொல்கிறார் என்பதை நீங்கள் எழுதுங்கள். ஒன்றே ஒன்று: எங்களை இங்கே நான்கு வருடம் நிறுத்திவைக்காதீர்கள்.