மக்கள் கேட்ட ஜோடி

அடிக்காமல் அடிப்பது எப்படி என்று நடிகர்களுக்குச் சொல்லிக்கொடுப்பது என் வேலை. கை கன்னத்துக்கு ஒரு சாண் முன்னால் கடந்துபோக வேண்டும். அடிபடுபவர் தலையைத் திருப்ப வேண்டும். சத்தத்தைப் பிறகு சேர்ப்பார்கள். என் மனைவி லெனீரா இறந்து ஏழு மாதம். பத்தாம் நாளே வேலைக்குத் திரும்பியிருந்தேன்.

எங்கள் தொலைக்காட்சித் தொடரின் எண்பத்தேழாம் அத்தியாயத்தில் நடிகன் ஒட்டாவியோ நிஜமாகவே அடித்தான். கதாநாயகி ஜுசாராவின் உதடு மேஜை விளிம்பில் பட்டுக் கிழிந்தது. முகவாயில் ரத்தம் வழிய அவள் அவனைப் பார்த்தாள். இயக்குநர் நிறுத்தச் சொல்லவில்லை. அதுவே ஒளிபரப்பானது.

மறுவாரம் ரியோ முழுக்க அதே பேச்சு. இரண்டு பேருக்குள்ளும் என்ன நெருப்பு என்றார்கள். எங்கள் தொடர்கள் ஒளிபரப்பாகும்போதே எழுதப்படுபவை. யாரை யாரோடு சேர்ப்பது என்று பார்வையாளர்களைக் கூட்டிவைத்துக் கேட்பார்கள். பன்னிரண்டு பெண்களில் பத்துப் பேர் அவளை ஒட்டாவியோவுக்கே கட்டிவைக்கச் சொன்னார்கள். அடுத்த நான்கு அத்தியாயங்களில் மூன்று அறை, ஒரு கழுத்து நெரிப்பு. அறைகளில் இரண்டு நிஜமாக விழுந்தன. நான் அவனிடம் கேட்டேன்.

"கை தவறிடுச்சு தலைவா. ஜனங்களுக்குப் புடிச்சிருக்கில்ல?"

ஜுசாரா என்னைத் தேடி வந்தாள். "நில்டோ, நாளைக்கு நான் அவனைத் தள்ளிவிடுற சீன். நிஜமா அடிக்கச் சொல்லிக்கொடு."

முழங்கை, மூக்குத்தண்டில். சொல்லிக்கொடுத்தேன். தயங்கியிருக்க வேண்டும். தயங்கவில்லை.

மறுநாள் எலும்பு முறிந்த சத்தம் தளத்தின் மறுகோடிவரை கேட்டது. ஒட்டாவியோ மண்டியிட்டு ரத்தமாகத் துப்பினான். அதையும் ஒளிபரப்பினார்கள். சந்தையில் மாம்பழம் விற்பவள் ஜுசாராவின் கையைப் பிடித்துக்கொண்டாளாம். "ஆசை இல்லாம இம்மாங் கோவம் வருமா கண்ணு? சீக்கிரம் அவனையே கட்டிக்க."

கதாசிரியை டோனா ஸுல்மீரா கல்யாண அத்தியாயத்தை எழுதிவிட்டாள். அந்தத் தாள்களோடு ஜுசாரா அவள் அறைக்குப் போனாள். என்னையும் கூட்டிப்போனாள்.

"என்னைக் கொன்னுடுங்கம்மா."

"கதாநாயகியையா? ஊரே என்னைக் கல்லால அடிக்கும்."

"இல்லைன்னா நாளையிலேருந்து வரமாட்டேன். வக்கீல்கிட்ட பேசிட்டேன். நில்டோ சாட்சி சொல்வான்."

ஸுல்மீரா என் பக்கம் திரும்பினாள். "உன் வேலையும் போயிடும், தம்பி."

"போகட்டும்மா."

அவள் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். "எப்படிச் சாகணும்?"

"எப்படி வேணா. அவன் கை மட்டும் எம்மேல படக்கூடாது."

வியாழக்கிழமை அவளுடைய டூப்பை மாடிப்படியில் உருட்டினோம். கடைசி நான்கு படிகளில் ஜுசாராவே உருண்டாள். தலைக்கடியில் சிவப்புச் சாயத்தை ஊற்றினேன். கண் திறந்தபடி கிடந்தாள்.

இயக்குநர் ஒட்டாவியோவைக் கூப்பிட்டார். "பிணத்தைக் கட்டிப்பிடிச்சு அழு. ஜனங்க அதையாவது பாக்கட்டும்."

தாளில் அது இல்லை. மூக்கில் கட்டோடு அவன் படியிறங்கி வந்தான். கேமரா ஓடிக்கொண்டிருந்தது. நான் இரண்டு படி ஏறிக் குறுக்கே நின்றேன்.

"விலகுடா," என்று நெஞ்சில் குத்தினான். மறுபடி குத்தினான். மூன்றாவது குத்தில் ஒரு படி சறுக்கினேன், விழவில்லை.

எனக்குப் பின்னால் ஜுசாரா எழுந்தாள். கழுத்தில் சாயம் வழிய, யாரையும் பார்க்காமல் ஒப்பனை அறைக்கு நடந்தாள்.