சாணை காணாத கத்தி

1

இந்தக் கதையை நான் யோசித்துப் பிடிக்கவில்லை. காதில் விழுந்தது, எடுத்துக்கொண்டேன்.

பெர்ம் நகரத்து விளையாட்டுப் பள்ளி ஒன்றில் நான் உடம்பு பிடித்துவிடும் வேலை பார்க்கிறேன். டாக்டருக்குப் படிக்க வந்தவன். மூன்றாம் வருஷம் தோற்று, ஊருக்குப் போக வெட்கப்பட்டு இங்கேயே தங்கி, இருபத்திரண்டு வருஷமாயிற்று. பனித்தளத்தில் வண்டி ஓட்டிப் பனியை வழித்துச் சமன்செய்யும் ஃபெத்யா மாமா, பிப்ரவரியில் ஒருநாள் உணவறையில் சூப்பை உறிஞ்சிக்கொண்டே சொன்னார்: "காலையில ஒரு பொண்ணு தனியா ஆடிட்டுப் போனா. பனியில ரெண்டு பேரு கோடு இருந்துச்சு. வழிச்சு விட்டுட்டேன். வேற என்ன பண்ணச் சொல்ற?"

எந்தப் பெண் என்று கேட்டேன். கிண்ணத்தைத் தூக்கிக்கொண்டு எழுந்து போய்விட்டார். ஆகவே தைசியாவை நானே உண்டாக்கினேன். வயது இருபத்தைந்து. பதினோரு வருஷமாகப் போட்டிகளில், காலில் ஸ்கேட் மாட்டி, ஜோடியாகப் பனி நடனம் ஆடுகிறவள்.

2

முதல் தொடக்கம்: "தைசியா பனியில் இறங்கியபோது அரங்கம் மூச்சை…" [அரங்கம் எப்போதும் மூச்சைப் பிடித்துக்கொண்டுதான் இருக்கிறது. அடித்துவிட்டேன்.]

இரண்டாம் தொடக்கம்: "பனி நடனத்தில் பெண்கள் ஏராளம். ஆண் ஜோடி கிடைப்பது குதிரைக்கொம்பு." இது உண்மை, அதனால் இருக்கட்டும். ஒரு பையன் கிடைத்துவிட்டால் பெண்ணைப் பெற்றவர்கள் அவனைத் தங்கள் வீட்டிலேயே வைத்துச் சோறு போட்டு, காலணி வாங்கிக் கொடுத்து, தேர்வுக்கும் படிக்க வைப்பார்கள். யெகோர் பதினான்கு வயதில் தைசியா வீட்டுக்கு வந்தவன். வீட்டோடு மாப்பிள்ளை என்று அக்கம்பக்கத்தார் சிரித்தார்கள்.*

\* காதலா என்று கேட்கிறீர்கள். தினம் ஐந்து மணி நேரம் ஒருவர் இடுப்பை ஒருவர் பிடித்துக்கொண்டு, "தோள இறக்காதடா", "நீ முதல்ல முழங்கால மடக்குடி" என்று சண்டை போடுகிறவர்களுக்கு அந்தச் சொல் போதாது. யெகோருக்கு இடது தோள் எப்போதும் கொஞ்சம் தாழும். அவள் தன் வலது கையை அதற்கேற்பத் தாழ்த்திப் பிடித்தே பழகிவிட்டாள். வேறு எப்படிச் சொல்வது என்று எனக்குத் தெரியவில்லை.

3

யெகோரை நான்தான் கொன்றேன்.

கதைக்கு ஒரு சாவு வேண்டியிருந்தது. "யெகோருக்குக் காய்ச்சல் வந்து…" [வேண்டாம்.] "யெகோர் காமா நதியில்…" [வேண்டவே வேண்டாம்.] கடைசியில் சாணையில் வந்து நின்றேன். பனி நடனக்காரர்கள் தங்கள் கத்தியைக் கண்டவனிடம் கொடுக்க மாட்டார்கள். ஸ்கேட்டின் அடியிலிருக்கும் அந்தக் கத்திக்குச் சாணை பிடிக்க ஆளுக்கொரு மனிதர் உண்டு. அவரைவிட்டு இன்னொருவரிடம் போவது அவர்களுக்குப் பாவம். தைசியாவின் ஆள் மத்வேய் இல்யிச். இருப்பது யெகாதெரின்பூர்கில், ஆறு மணி நேரத் தொலைவு.

அக்டோபரில், முதல் பனி விழுந்த வாரம், அவளுக்குக் கணுக்கால் வீக்கம், பயணம் போக முடியவில்லை. சாணையை உள்ளூரிலேயே பிடித்துக்கொள்ளலாமே என்றான் யெகோர். அவள் பிடிவாதம் பிடித்தாள். நண்பனுடைய காரை இரவல் வாங்கிக்கொண்டு அவளுடைய ஸ்கேட்டையும் தன்னுடையதையும் எடுத்துப் போனான். திரும்பும்போது ஒரு லாரி. அவளுடைய ஸ்கேட் பையில் ஒரு கீறல்கூட இல்லாமல் வீட்டுக்கு வந்து சேர்ந்தது, புது விளிம்போடு.

இதை எழுதிவிட்டு நான் நன்றாகச் சாப்பிட்டேன், தூங்கினேன். அதுதான் இப்போது உறுத்துகிறது.

4

அந்த விளிம்பை அவள் மறுபடி சாணைக்குக் கொடுக்கவில்லை.

யெகோர் கொண்டுவந்த கடைசிப் பொருள் அது. சாணைக்கல் தொட்டால் தூளாகிப் போய்விடும். பயிற்சியாளர் ரிம்மா அர்காதியெவ்னா கேட்கும்போதெல்லாம் பிடித்துவிட்டேன் என்று பொய் சொன்னாள். எறும்பு ஊரக் கல்லே தேயும்; ஐந்து மாதம் பனியில் ஓடிய இரும்பு தேயாதா? வளைவுகளில் கால் வழுக்கியது. விழ வேண்டிய இடங்களில் அவள் விழாததுதான் யாருக்கும் புரியவில்லை.

இதற்கிடையில் ரிம்மா அர்காதியெவ்னா அங்கே இங்கே கெஞ்சி ருஸ்லான் என்றொரு பையனைப் பிடித்து வந்தாள். நல்லவன், உயரம் கொஞ்சம் குறைவு. மார்ச் கடைசிச் சனிக்கிழமை தகுதிப் போட்டி. அதில் தேறாவிட்டால் இந்த வயதில் தைசியாவுக்கு இன்னொரு ஜோடி கிடையாது, நடனமும் கிடையாது.

போட்டிக்குப் பத்து நாள் இருக்கும்போது ருஸ்லான் பயிற்சியை நடுவில் நிறுத்தினான்.

"உன் கத்தி மொட்டையா இருக்கு. நான் முட்டாள் இல்ல, சத்தத்துலயே தெரியுது."

அவள் குனிந்து காலணிக் கயிற்றை இறுக்கினாள்.

"அது கூடப் பரவால்ல. உன் முதுகுல நான் கை வைக்கிற இடம் எப்பவும் சூடா இருக்கு, தைசியா. யாரோ இப்பத்தான் கைய எடுத்த மாதிரி." அவன் கையுறையைக் கழற்றி, உள்ளங்கையைக் கால்சட்டையில் துடைத்துக்கொண்டான். "போய் சாணை பிடிச்சிட்டு வா. இல்லன்னா சமாராவுல ஒரு பொண்ணு கேட்டுக்கிட்டு இருக்கா, நான் போறேன்."

5

மறுநாள் காலை ஆறு மணிக்கு அவள் தனியாகப் பனியில் இறங்கினாள். வழித்து முடித்த தளம் கறுப்பாக மின்னியது. கைகளை, ஜோடியை அணைத்துப் பிடிக்கும் வால்ஸ் பிடியில் தூக்கி, ஜோடி நிற்க வேண்டிய இடத்தை வெறுமையாக விட்டு, முழு நடனத்தையும் ஆடினாள். ஜோடி இல்லாதபோது எல்லாரும் செய்கிற பயிற்சிதான் இது.

முடித்து வெளியே வந்தவளை ஃபெத்யா மாமா வண்டியிலிருந்து இறங்கிக் கூப்பிட்டார். பனியைக் காட்டினார். ஒரு கோடு மங்கலாக, சுரண்டினாற்போல் கிடந்தது, மொட்டைக் கத்தியின் கோடு. அதன் எதிரே, ஒவ்வொரு வளைவிலும் கூடவே திரும்பி, இன்னொன்று: ஆழமாக, சுத்தமாக, நேற்றுச் சாணை பிடித்ததுபோல.

"வழிச்சிடவா, பொண்ணே?" என்று கேட்டார். அத்தனை வருஷத்தில் அவர் யாரிடமும் அனுமதி கேட்டதில்லை.

இங்கே நான் பேனாவை வைத்துவிட்டேன். கோடு ஃபெத்யா மாமா கொடுத்தது, சரி. ஆனால் இந்தப் பக்கத்தின் ஓரத்தில், என் கையெழுத்தில், இன்னொரு வரி இருக்கிறது: "அவன் தோளை இறக்கவில்லை, நீதான் கையைத் தாழ்த்துகிறாய்." எழுதிய ஞாபகம் எனக்கு இல்லை. குடிக்கும் பழக்கமும் இல்லை. பயமாக இருக்கிறது என்று வெட்கமில்லாமல் ஒப்புக்கொள்கிறேன்.

6

இரண்டு முடிவுகள் வைத்திருந்தேன்.

(அ) அவள் சாணை பிடிக்கிறாள். சனிக்கிழமை தேறுகிறாள். ருஸ்லான் கை வைத்த இடம் சில்லென்றிருக்கிறது. பனியில் இருவர் கோடுகள், கணக்குச் சரி. யெகோர் எங்குமே இல்லை.

(ஆ) அவள் சாணை பிடிக்கவில்லை. ருஸ்லான் சமாராவுக்குப் போகிறான். அவள் தினம் காலை ஆறு மணிக்கு ஆடுகிறாள், ஃபெத்யா மாமா தினமும் வழிக்கிறார், யாரும் எதுவும் பேசுவதில்லை.

எதை எழுதினாலும் ஒருத்தரைக் கொல்கிறேன். எதற்கும் இருக்கட்டுமென்று அவளை யெகாதெரின்பூர்குக்கு ரயில் ஏற்றிவிட்டேன்.

மத்வேய் இல்யிச் கத்தி விளிம்பில் நகத்தை வைத்து இழுத்துப் பார்த்தார்.

"இதுலயா அஞ்சு மாசம் ஆடின? எப்படி விழாம நின்ன?"

"பிடிச்சிக்கிட்டாங்க," என்றாள் தைசியா.

யார் என்று அவர் கேட்கவில்லை. எந்திரத்தை ஓடவிட்டு வலது கத்தியைப் பிடித்தார். தீப்பொறி பறந்தது. அவள் கண்ணை மூடிக்கொள்ளவில்லை. இடதை எடுக்கப் போனார். அவள் அதன்மேல் கையை வைத்துக்கொண்டாள்.

"இது இப்படியே இருக்கட்டும்."

"ஒத்தக் காலுக்கு எவனும் சாணை பிடிக்க மாட்டான் பொண்ணே. சனிக்கிழமை முதல் சுழல்லயே முகம் பேந்துடும்."

"பேந்தா பேந்துட்டுப் போகட்டும். வலது ருஸ்லானுக்கு."

இடது யாருக்கு என்று அவள் சொல்லவில்லை. இது என் இரண்டு முடிவிலும் இல்லாதது. பாதிக் கூர்மை, பாதி மொட்டை. ஒரு கால் பிடிக்கும், ஒரு கால் வழுக்கும். கல்லறைக்கும் கல்யாணத்துக்கும் ஒரே நாளில் போகிறவளைப் போல உட்கார்ந்திருக்கிறாள். பைத்தியக்காரி. நான் உண்டாக்கியவள்தான், என்றாலும் எனக்கு அடங்கவில்லை. அடங்கியிருந்தால் இவளை இவ்வளவு பிடித்திருக்காது.

என்னால் இதற்குமேல் முடியாது. அவனை ஒரு முறை கொன்றேன், அன்று நன்றாகத் தூங்கினேன். இன்னொரு முறை அப்படித் தூங்க மாட்டேன். இடதுக்கும் சாணை பிடிக்கலாமா, நீங்கள் சொல்லுங்கள். "பிடியுங்கள்" என்றால் அவள் கையை எடுத்துவிடுவாள் என்றுதான் தோன்றுகிறது. களைத்திருக்கிறாள், யாராவது சொல்ல மாட்டார்களா என்றுதான் காத்திருக்கிறாள். "வேண்டாம்" என்றால் சனிக்கிழமை அவள் விழும்போது யாராவது பிடித்துக்கொள்வார்கள் என்று நீங்கள் நம்பியாக வேண்டும்.

மத்வேய் இல்யிச் எந்திரத்தை நிறுத்திவிட்டு டீ ஊற்றுகிறார். பட்டறையில் அவரும் அவளும் மட்டும்தான் இருக்கிறார்கள். மூன்று கோப்பை எடுத்து வைத்திருக்கிறார். மூன்றாவது உங்களுக்காகத்தான் என்று நம்புகிறேன்.