அப்பா சொன்ன ஐந்து பேர்

ஏப்ரல் 4, 1981, சனி. நேற்று எழுதியதில் ஒரு தவறு. 1951-ஆம் ஆண்டு ஊரின் மக்கள்தொகை 436 என்று எழுதிவிட்டேன். அது 1940-க்கு உரியது. 1951-இல் 198 பேர்தான். ஒரு வரி மேலே பார்த்துவிட்டேன். இடையில் நடந்த போர்கள் நடக்கவே இல்லை என்பதுபோல் ஆகிவிட்டது.

எவாந்தியா நோட்டில் அதை அடித்துத் திருத்தினாள். திருத்தியது சரிதானா என்று இன்னொரு முறை பார்த்தாள். ஊர் வரலாறு எழுதிவரச் சொன்னது மாலைப் பள்ளியில். பகலில் நகரத்து மருந்துக்கடையில் வேலை. நாளை நடக்கும் மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் காரிதோவுனி ஊருக்குக் கணக்கெடுப்பாளரும் அவள்தான்.

குளிர்காலத்தில் இங்கே கிடப்பது ஐம்பத்தெட்டு பேர். ஆனால் எண்ணுகிற நாளுக்கு முன்தினம் ஏதென்ஸிலிருந்து இரண்டு பேருந்து நிறைய ஆட்கள் வந்து இறங்குவார்கள். தலை குறைந்தால் ஊர்மன்றத்தைக் கீழூரோடு சேர்த்துவிடுவார்கள் என்று எல்லாருக்கும் பயம்.

இன்று மதியம் அக்கா பொலிக்செனி கணவனோடும் இரண்டு பிள்ளைகளோடும் வந்தாள், ஆறு வருடத்துக்குப் பிறகு. அப்பா லாம்ப்ரோஸ் அடுப்போரக் கட்டிலில் புதுப் போர்வை விரித்தார். அது எவாந்தியாவின் கட்டில். நோன்புக் காலம், இறைச்சி கிடையாது; அதற்கு ஈடாக அலமாரி உச்சியிலிருந்து பாகில் ஊறிய வாதுமைக்காய் ஜாடியை இறக்கினார். தன் பெயருக்குரிய புனிதரின் திருநாளில் எவாந்தியா கேட்டபோது, "விருந்தாளிக்கு வச்சிருக்கேன்" என்று சொன்ன அதே ஜாடி.

சாயங்காலம் காபிக்கடை ஸீஸிஸ் வந்தார். வீடு வீடாகப் போய், நாளைக்குச் சொல்ல வேண்டிய பெயர்களை ஒத்திகை பார்ப்பது அவர் வேலை. போன முறை யாரோ சொந்த மாமியார் பெயரையே மறந்து தொலைத்திருந்தார்கள்.

"சொல்லு லாம்ப்ரோஸ், இன்னிக்கு ராத்திரி உன் வீட்ல யார் யாரு படுக்கிறாங்க?"

அப்பா விரல் விட்டு எண்ணினார். "நானு. என் பெரிய பொண்ணு பொலிக்செனி. மாப்பிள்ளை. பேரன், பேத்தி. அஞ்சு பேரு."

"அப்படித்தான் கணீர்னு சொல்லணும். ஒரு தலையும் விட்டுப் போகக்கூடாது."

ஸீஸிஸ் ஒரு காயை வாயில் போட்டுக்கொண்டு அடுத்த வீட்டுக்குப் போனார். எவாந்தியா தொட்டியருகே கீரை அலசிக்கொண்டிருந்தாள். தண்ணீர் விரலைக் கடித்தது. யாராவது சிரித்து, ஆறு என்று திருத்துவார்கள் எனக் காத்திருந்தாள். யாருக்கும் உறைக்கவில்லை. ஒத்திகை வருகிறவர்களை மறக்காமலிருக்கத்தான். தினமும் கண்ணெதிரே நிற்பவளை எதற்காக மனப்பாடம் செய்ய வேண்டும்?

"ஏன்டி மூஞ்சியத் தூக்கி வச்சிருக்க?" என்றாள் பொலிக்செனி. "ரெண்டு நாள்தான். உன் கட்டிலைத் தலையில வச்சு ஏதென்ஸுக்கா கொண்டு போகப் போறேன்?"

"கொண்டு போயேன். பஸ் மேல இடம் இருக்கும்."

"சரி, என்னை எழுதுவியா மாட்டியா?"

"ராத்திரி தூங்கினவங்க எல்லாரையும் எழுதணும். வீட்டுக்காரர் சொல்றபடி."

"உனக்கென்னடி, காலையில பேனாவச் சொருகிக்கிட்டு அதிகாரி மாதிரி கிளம்புவ. நான் நாள் முழுக்க சட்டைக்குக் காலர் தைக்கிறேன். என்னையும் அப்பா படிக்க விட்டிருந்தா..." அக்கா பாதியில் நிறுத்தினாள்.

அக்காவுக்கும் தன் மேல் பொறாமை உண்டு என்பது எவாந்தியாவுக்கு ஒரு நொடி இனித்தது. அதற்குள் அப்பா ஜாடியைச் சாய்த்து, அடியில் கிடந்த கடைசிக் காயைப் பெரியவளின் தட்டில் தள்ளினார்.

எவாந்தியா கையைத் துடைத்துக்கொண்டு நோட்டைத் திறந்தாள்.

அப்பா ஐந்து பேர் என்றார். அவரிடம் நான் ஒன்றும் சொல்லவில்லை. இது நியாயமா, வீம்பா என்று தெரியவில்லை. வீம்பாகத்தான் இருக்கும்.

நாளை: காலை ஏழு மணிக்கு மேல்தெருவிலிருந்து தொடங்க வேண்டும். முதல் வீடு எங்களுடையது. வாசலுக்கு வெளியே போய் நின்று, கதவைத் தட்டி, அப்பாவிடம் பெயர்களைக் கேட்க வேண்டும். எடுத்துக்கொடுக்கக் கூடாது.